சிரிக்காமல் விட்ட ஷாட்

நான் திரையில் ஆறு தடவை செத்திருக்கிறேன். அதில் ஐந்து தடவை செத்து முடித்ததும் சிரித்தேன். ஒரே ஒரு தடவை சிரிக்காமல் வீட்டுக்கு வந்துவிட்டேன்.

சினிமாவில் இப்படி ஒரு வழக்கம் இருக்கிறது. பிணமாக நடிக்கிறவர் ஷாட் முடிந்ததும் சேலையைத் தட்டிவிட்டுக்கொண்டு போய்விடக் கூடாது. படுத்த இடத்திலேயே எழுந்து உட்கார்ந்து, கேமராவை நேராகப் பார்த்து, நன்றாக ஒரு சிரிப்புச் சிரிக்க வேண்டும். அதையும் படம் பிடித்துக்கொள்வார்கள். செத்தது பொய், ஆள் இதோ இருக்கிறாள் என்று எமனுக்குக் காட்டுகிற சாட்சி போலிருக்கிறது. அந்தச் சிரிப்பு எந்தத் தியேட்டருக்கும் வராது. வெட்டும்போது முதலில் போவது அதுதான்.

பெரிய நடிகர்கள் அதை விளையாட்டாகச் செய்துவிட்டுப் போய்விடுவார்கள். எனக்கு அது விளையாட்டில்லை. மற்ற ஷாட்டுகளில் எல்லாம் நான் கதாநாயகியின் தோளுக்குப் பின்னால் நிற்பேன், இல்லையென்றால் தாம்பாளத்தோடு குறுக்கே போவேன். பாதி முகத்தைத் தூண் எடுத்துக்கொள்ளும். இந்தச் சிரிப்பு ஷாட்டில் மட்டும் எனக்கு முன்னால் ஒருவரும் இல்லை. லைட்டு முழுக்க எனக்கு. அழ வேண்டாம், வசனம் வேண்டாம், நான் நானாகவே சிரித்தால் போதும். அந்த நாலைந்து நொடிக்காகவே சாகலாம் என்று தோன்றும்.

திருப்பூர் வேலம்பாளையத்தில் ஒரு பனியன் கம்பெனியில் அப்போது செக்கிங் வேலை பார்த்துக்கொண்டிருந்தேன். தைத்து வருகிற பனியனை டியூப்லைட்டுக்குக் கீழே விரித்து, ஓட்டை, எண்ணெய்க் கறை, விட்டுப்போன தையல், நீட்டிக்கொண்டிருக்கும் நூல் எல்லாம் பார்த்து ஒதுக்குவதுதான் செக்கிங். மதியத்துக்கு மேல் மேற்கு ஜன்னல் வழியாக வெயில் சாய்ந்து உள்ளே வரும். அந்த வெயில் பட்டையில் பஞ்சுத் தூசி மேலே போவதா கீழே வருவதா என்று தெரியாமல் மிதந்துகொண்டே இருக்கும். கை தன்பாட்டுக்குப் பனியனைப் புரட்டும், நான் அந்தத் தூசியோடு எங்கேயோ போயிருப்பேன். சூப்பர்வைசர் வந்து மேசையைத் தட்டினால்தான் திரும்பி வருவேன். "எங்கீங்க போயிட்டீங்க?" என்பார். எங்கே போனேன் என்று எனக்கே தெரியாது.

இரண்டாயிரம் பிறந்து மூன்று நாலு வருஷம் ஆகியிருக்கும். வீட்டுக்கு வீடு கேபிள் வந்து, பொழுது சாய்ந்தால் தெரு முழுக்க ஒரே தொடரின் அழுகை கேட்கிற காலம். சினிமாக்காரர்களும் தொடர்க்காரர்களும் உடுமலைப் பக்கம், மடத்துக்குளம் பக்கம் என்று தென்னந்தோப்பும் வாய்க்காலும் தேடி வந்துகொண்டே இருந்தார்கள். கூட்டத்துக்கு ஆள் வேண்டுமென்றால் ஏஜென்ட் ஒருவர் எங்கள் கம்பெனி வாசலில் வந்து நிற்பார். ஞாயிற்றுக்கிழமை காலையில் வேனில் ஏற்றிக்கொண்டு போவார்.

நான் போன முதல் நாளே சாவு வீட்டுக் காட்சி. நாற்பது பெண்களை வரிசையாக உட்கார வைத்து, உதவி இயக்குநர் ஒருவர் மைக்கில் கத்தினார், "நெசமாவே அழத் தெரிஞ்சவங்க முன்னாடி வாங்க!" எல்லோரும் ஒருத்தியை ஒருத்தி இடித்துக்கொண்டு சிரித்தார்கள். நான் எழுந்து முன்னால் போனேன். எனக்கு அழுகை எப்போதும் கைவசம் இருந்தது.

அதற்குக் காரணம் என் அப்பா.

மூலனூருக்குப் பக்கத்தில் எங்கள் தோட்டம். நாலு ஏக்கர் முருங்கை. அம்மா எனக்கு ஆறு வயதில் போய்விட்டார். அப்பாதான் எனக்குத் தலை சீவி, சடை பின்னி, பள்ளிக்கூடத்துக்கு அனுப்புவார். ஒரு பக்கச் சடை எப்போதும் காதுக்கு மேலே ஏறி நிற்கும். இருபது வயதில் தாராபுரத்துக்குத் தையல் பழகப் போன இடத்தில் டைலர் ஒருவரைப் பிடித்துப்போயிற்று. அவர் கிறிஸ்தவர், சொந்த நிலமில்லாத வீடு. எங்கள் சாதிசனத்தில் இந்த இரண்டில் ஒன்றே போதும். நாங்கள் திருப்பூர் பஸ் ஏறிவிட்டோம். அப்பா ஊர்க்காரர்கள் பார்த்துக்கொண்டிருக்கும்போதே கிணற்றடியில் போய் நின்று, "எனக்குப் பொண்ணு இல்லீங்க, செத்துப்போனா" என்று சொல்லித் தலை முழுகிவிட்டார். வாளி வாளியாக இறைத்து ஊற்றிக்கொண்டாராம். பார்த்தவர்கள் வந்து சொன்னார்கள். ஆகக்கூடி, நான் முதலில் செத்தது சினிமாவில் அல்ல.

எங்களுக்குக் குழந்தை இல்லை. அதைப் பற்றி இங்கே பேசப் போவதில்லை.

என் முதல் காட்சி ஒரு தொடரில் வந்தது. ஒரு மின்னல் மாதிரி வந்து போனேன். அடுத்த வாரம் புது பஸ் ஸ்டாண்டில் எங்கள் ஊர்ப் பெண் ஒருத்தி என்னைப் பார்த்து, "உன்னைய டீவீல பாத்தாப்ல இருந்துச்சே" என்றாள். அன்றைக்குப் பிடித்தது எனக்குக் கிறுக்கு. மூலனூர் கடைவீதியில், முருங்கைக்காய் மண்டிக்கு எதிரே ஒரு டீக்கடை உண்டு. அங்கே உத்தரத்தில் ஒரு டி.வி. பெட்டி தொங்கும். காய் எடை போட்டு முடித்ததும் அப்பா அங்கே உட்காருவார். என்றைக்காவது ஒருநாள் டம்ளரிலிருந்து தலையைத் தூக்கும்போது, அந்தப் பெட்டியில் நான் இருக்க வேண்டும். என் முகத்தை அவர் பார்க்க வேண்டும். நான் நன்றாகத்தான் இருக்கிறேன் என்று அவருக்குத் தெரிய வேண்டும். நடிப்பு, கலை, தாகம் என்று பேட்டியில் சொல்வார்களே, சத்தியமாக எனக்கு அதெல்லாம் ஒன்றும் கிடையாது. ஊரெல்லாம் பார்க்கிற பெட்டியில் நான் ஒரே ஒரு ஆளுக்காக நடித்துக்கொண்டிருந்தேன்.

அதனால் எந்தக் காட்சியிலும் முகத்தைக் கேமரா பக்கம் திருப்பிவிடுவேன். கதாநாயகி மயங்கி விழுவாள், எல்லோரும் அவளைப் பார்ப்பார்கள், நான் மட்டும் மூலனூரைப் பார்ப்பேன். "யக்கா! கேமராவப் பாக்காதீங்கன்னு எத்தன வாட்டி சொல்றது!" என்று திட்டுவார்கள். எனக்கும் மூக்குக்கு மேலே கோபம் வரும். "கழுத்து சுளுக்குங்க" என்று முறைத்துக்கொண்டு நிற்பேன்.

நர்ஸாக வந்தேன். பக்கத்து வீட்டுக்காரியாக, மாப்பிள்ளைக்கு அத்தையாக, கோயிலில் விளக்குப் போடுகிறவளாக, ரேஷன் கடை வரிசையில் ஏழாவதாக வந்தேன். சேலை எல்லாம் என் சொந்தச் சேலைதான், பெட்டியில் மடித்துக்கொண்டு போக வேண்டும். சென்னைக்குப் போய் மூன்று நாள் ஒரு தொடரில் வசனம்கூடப் பேசினேன். ஒளிபரப்பான அன்று பார்த்தால் என் வாயிலிருந்து வேறு ஒருத்தியின் குரல் வருகிறது. நம் பக்கத்து இழுவை அவர்களுக்கு ஆகாதாம். பார்த்துக்கொண்டிருந்த என் வீட்டுக்காரர், "நல்லவேளை, திட்டறதுக்கு உன் குரலு ஊட்டுல இருக்குது" என்று தேற்றினார்.

இப்படிப் போய்க்கொண்டிருந்தபோதுதான் அந்தப் படம் வந்தது. சின்னப் படம், பனியன் கம்பெனிக்காரியின் கதை. கதை ஆரம்பத்திலேயே அவளுடைய அக்கா செத்துப்போவாள். அந்த அக்கா நான். எங்கள் தெருவுக்கு மூன்று தெரு தள்ளி ஒரு வீட்டை வாடகைக்குப் பிடித்திருந்தார்கள். அந்த வீட்டு நிலைக்கு மேலே சிலுவை பதித்திருந்தது. அதை மறைப்பதை விட லேசு என்று, ஷூட்டிங்குக்கு முந்தின நாள் அந்த அக்காவின் பேரையே மாற்றி ஒரு வேதக்காரப் பேராக வைத்துவிட்டார்கள். சினிமாவில் சுவரை விட ஆளை மாற்றுவது சுலபம்.

"தெருவுல கண்ணீர் அஞ்சலி போஸ்டர் ஒட்டணும். நல்ல போட்டோ ஒண்ணு இருந்தாக் குடுங்கக்கா" என்றார் உதவி இயக்குநர். நான் தனியாக நிற்கிற நல்ல போட்டோ என்னிடம் ஒன்றுதான் இருந்தது. பத்தொன்பது வயதில், மாப்பிள்ளை வீட்டாருக்குக் காட்ட வேண்டும் என்று அப்பா என்னை ஸ்டுடியோவுக்குக் கூட்டிக்கொண்டு போய் எடுத்தது. கனகாம்பரம் வைத்துக்கொண்டு, ஸ்டூல் மேல் கையை ஊன்றி நிற்பேன். போட்டோக்காரருக்குப் பின்னால் நின்றபடி அப்பா, "நேராப் பாரு கண்ணு, நேராப் பாரு" என்று சொல்லிக்கொண்டிருந்தார். வீட்டை விட்டு வரும்போது சேலைக்குள் மடித்து எடுத்துவந்த அந்தப் போட்டோவை எடுத்துக் கொடுத்தேன். மறுநாள் காலையில் அது கறுப்புக் கட்டத்துக்குள் என் தலையை விடப் பெரிதாகத் தெருச் சுவர்களில் இருந்தது.

பந்தலுக்குக் கீழே பெஞ்சில் என்னைப் படுக்க வைத்தார்கள். மாலை, ஊதுபத்தி, நெற்றியில் சந்தனம். சுற்றி உட்கார்ந்து அழுதவர்கள் எங்கள் செக்கிங் மேசைக்காரிகள். ரிகர்சலில் கண்ணை மூடியதும் இயக்குநர் யாரிடமோ சொல்வது காதில் விழுந்தது, "அப்பா கேரக்டர் வந்ததும் கால்ல விழுந்து அழட்டும்." எனக்குப் பொறுக்கவில்லை. செக்கிங்காரியின் கண் மூடினாலும் சும்மா இருக்காது. படுத்தபடியே சொன்னேன்.

"ஏனுங்க, பெத்தவரு புள்ள கால்ல உழுவாருங்களா? பொறந்த ஊட்டுக் கோடி கொண்டாரச் சொல்லுங்க. எந்தச் சாமியக் கும்புட்டாலும் எங்க பக்கம் பொம்பளைக்குக் கடைசிச் சேலை பொறந்த ஊட்டுலருந்துதானுங்க வரோணும். அதப் போத்தாம எடுக்கக் கூடாது."

பிணம் பேசியதில் நாலு பேர் அலறிவிட்டார்கள். இயக்குநர் சிரித்து, அப்பாவாக நடிக்க வந்தவரின் கையில் ஒரு சேலையைக் கொடுக்கச் சொன்னார்.

பிறகு மதியம் முழுக்க நான் செத்துக் கிடந்தேன். அந்த மதியத்தை எப்படிச் சொல்வது? பக்கத்துக் கம்பெனியின் எக்ஸாஸ்ட் ஃபேனிலிருந்து பஞ்சு பறந்து வந்து இமை மேல் உட்காரும், தட்டிவிட முடியாது. பறை தொடங்கும், "கட்" என்றதும் நடுவில் அறுந்து நிற்கும், மறுபடி தொடங்கும். பூவாசம் தலைக்கு ஏறியது. மூடிய கண்ணுக்குள் வெயில் செக்கச்செவேல் என்று அசைந்தது. அழுகிறவர்களில் ஒருத்தி நிஜமாகவே அழுதாள், அவள் புருஷன் போன வருஷம் போனவன். அந்த அழுகை மட்டும் கிட்டத்தில் கேட்டது, மற்றதெல்லாம் எங்கோ வாய்க்காலுக்கு அந்தப் பக்கம் கேட்டது. நான் தூங்கினேனா, முழித்திருந்தேனா தெரியாது. முருங்கைத் தோட்டம் வந்தது. வெள்ளைப் பூ தரையெல்லாம் கொட்டிக் கிடந்தது. அப்பா வரப்பில் நடந்து வருகிறார், அந்த டயர் செருப்பின் சத்தம்கூடக் கேட்கிறது. என் மேல் ஒரு புதுச்சேலையின் கஞ்சி வாசம் இறங்கியது. மடிப்பு மடிப்பாக ஒரு கை அதை என் நெஞ்சு மேல் போர்த்தியது. "அப்பா" என்று வாய்க்குள் சொல்லிவிட்டேன் என்று நினைக்கிறேன். நல்லவேளை, உதடு அசையவில்லை. கண்ணோரத்தில் தண்ணீர் வழிந்து காதுக்குள் போயிற்று. அதற்காக ஒரு டேக் வீணானது.

கடைசி ஷாட் முடிந்தபோது வெயில் போய்விட்டது. நான் எழுந்து உட்கார்ந்து, முடியை ஒதுக்கி, கேமராவைப் பார்த்தேன். சிரிக்கத் தயாராக இருந்தேன். கேமராக்காரர், "ரோல் தீந்துபோச்சுக்கா" என்றார்.

அப்போதெல்லாம் ஃபிலிம் ரோல்தான். பிணத்தின் சிரிப்புக்காகப் புது ரோல் ஏற்ற யாருக்கு மனசு வரும்? "நாளைக்கு எடுத்துக்கலாம்க்கா" என்றார் உதவி இயக்குநர். மறுநாள் வண்டிகள் எல்லாம் மடத்துக்குளத்துக்குப் போய்விட்டன. நான் போய்ப் பார்த்தபோது பந்தல் போட்ட குழி நாலு மட்டும் தெருவில் இருந்தது. அங்கேயே நின்று யாருமில்லாத தெருவைப் பார்த்து வாய்க்கு வந்தபடி திட்டினேன். என் சிரிப்பை எடுக்க ஒரு சாண் ஃபிலிம் இல்லையாம்! வீட்டுக்காரர் ஞாயிற்றுக்கிழமை சர்ச்சில் வேண்டிக்கொண்டார். நான் மாரியம்மன் கோயிலுக்கும் போனேன், சர்ச்சுக்கும் போனேன். இரண்டு இடத்திலும் மனசு நிற்கவில்லை.

போஸ்டர்களையும் அவர்கள் கிழிக்காமல் போய்விட்டார்கள். பஸ் நிறுத்தத்துச் சுவரில் ஒன்று, மளிகைக்கடைச் சந்தில் இரண்டு, தண்ணீர்த் தொட்டியில் ஒன்று. காலையில் கம்பெனிக்குப் போகும்போது என்னுடைய சாவைத் தாண்டித்தான் போக வேண்டும். "ஆவி வருதுடியோவ்" என்று மேசைக்காரிகள் கத்துவார்கள். கிழித்துப்போடு என்று வீட்டுக்காரர் சொன்னார். நானே கிழித்திருக்கலாம். உண்மையைச் சொல்லிவிடுகிறேன், எனக்கு மனசு வரவில்லை. என் முகம் முதல் தடவையாக முழுசாக ஊரில் இருந்தது. தூண் இல்லை, தோள் இல்லை. கனகாம்பரம் வைத்த அந்தப் பத்தொன்பது வயதுக்காரி எதையோ நேராகப் பார்த்துக்கொண்டிருந்தாள். சாயங்காலம் திரும்பும்போது நான் அவளைப் பார்த்துக்கொண்டு கொஞ்ச நேரம் நிற்பேன். பஸ் வரும், போகும்.

மூன்று வாரம் இருக்கும். ஒரு ஞாயிற்றுக்கிழமை, வெயில் உச்சிக்கு வருகிற நேரம். குழாயடியில் நல்ல தண்ணீருக்கு நின்றிருந்தேன். எங்கள் காம்பவுண்டில் பக்கத்து வீட்டுக்காரி, தேனிப் பக்கத்திலிருந்து வேலைக்கு வந்தவள், மூச்சிரைக்க ஓடி வந்தாள்.

"யக்கா, வெரசா வாங்க. ஒரு பெரியவரு ஒங்க வீட்டு வாசல்ல வந்து ஒக்காந்திருக்காரு. இந்திக்காரப் பொண்ணு ஒருத்தி கையப் பிடிச்சுக் கூட்டியாந்து விட்டுட்டுப் போறா. டைலர் வீடான்னாரு, ஆமான்னேன். எங்க பொதைச்சீங்கன்னு கேக்குறாருக்கா! யாரப் பொதைச்சோம்? எனக்குப் பயமா இருக்கு."

குடத்தை இடுப்பில் வைத்துக்கொண்டு நடந்தேன். ஓடவில்லை. அந்தச் சந்தில் நடந்தது எனக்கு இன்றைக்கும் கனவு மாதிரிதான் இருக்கிறது. கொடியில் காய்ந்த பனியன்கள், யார் வீட்டு ரேடியோவோ, கால் நடக்கிறது, சந்து நீண்டுகொண்டே போகிறது. வாசலில் பிளாஸ்டிக் நாற்காலியில் அப்பா உட்கார்ந்திருந்தார். தலை முழுக்க வெளுத்துவிட்டது. மடியில் ஒரு மஞ்சப்பை. அதை இரண்டு கையாலும் பிடித்திருந்தார்.

தலையைத் தூக்கினார். என் முகத்தைப் பார்க்கவில்லை, முதலில் காலைத்தான் பார்த்தார். பேய்க்குக் கால் இருக்காதே. குடம் தளும்பி என் காலடி சிமெண்ட்டில் ஈரமாகப் பதிந்திருந்தது. அதை ஒவ்வொன்றாகப் பார்த்துக்கொண்டு வந்து, பிறகு முகத்துக்கு வந்தார்.

"கண்ணு?" என்றார். கேள்வியாகத்தான் கேட்டார்.

"நாந்தாங்கப்பா."

"அட கெரகமே" என்று தலையில் அடித்துக்கொண்டார். "அட கெரகமே, அட கெரகமே." அந்த ஒரு வார்த்தையைத் தவிர வேறு வரவில்லை. நான் குடத்தை இறக்கக்கூடத் தோன்றாமல் நின்றேன்.

திருப்பூருக்குக் காய் ஏற்றி வந்த ஊர்க்காரர் ஒருவர் போஸ்டரைப் பார்த்துவிட்டுப் போய்ச் சொல்லியிருக்கிறார். அப்பா நம்பவில்லை. பஸ் ஏறி வந்து, நிறுத்தத்தில் இறங்கியதும் சுவரில் அவரே எடுக்க வைத்த போட்டோ அவரைப் பார்த்தது. அந்த முகத்தைக் காட்டி வழி கேட்டதில், தமிழ் தெரியாத அந்த இந்திக்காரப் பெண் அவரை நேராக என் வாசலுக்கே கூட்டி வந்துவிட்டாள். "வேற பேரு போட்டிருந்துச்சு. வேதத்துல சேந்தா பேர மாத்துவாங்கன்னு சொல்லுவாங்கல்ல, அப்பிடியாக்கும்னு நெனைச்சேன்" என்றார். நாற்காலிக்குப் பக்கத்தில் நான் தரையில் உட்கார்ந்திருந்தேன். இது சினிமாவுக்காக ஒட்டியது என்று சொன்னேன். நான் நடிக்கிறேன் என்பதே அவருக்குத் தெரியாது. டீக்கடை டி.வி. வெளிச்சத்தில் கண் கூசுகிறதென்று அவர் எப்போதும் அதற்கு முதுகு காட்டித்தான் உட்காருவாராம். இத்தனை வருஷம் நான் அவர் முதுகைப் பார்த்து நடித்திருக்கிறேன்.

எனக்குச் சுர்ரென்று வந்துவிட்டது.

"நீங்க ஏனுங்க வந்தீங்க? தலை முழுகுனவருக்கு நான் இருந்தா என்ன, செத்தா என்ன?"

கேட்டுவிட்டேன். கேட்டதும் நாக்கைக் கடித்துக்கொண்டேன். அப்பா கோபப்படவில்லை. மஞ்சப்பையின் காதைத் திருகிக்கொண்டே சொன்னார்.

"முழுகுனேன். இல்லைங்கல. பதினோரு வருசமாச்சு. இன்னும் தலை காயல சாமி."

நான் அவர் முழங்காலில் முகத்தை வைத்துக்கொண்டு அழுதேன். டேக் கீக் எல்லாம் இல்லை. அவரும் அழுதார். பக்கத்து வீட்டுக்காரி, யாரைப் புதைத்தோம் என்று இன்னும் புரியாமலே, கூட அழுதாள்.

பைக்குள் ஒரு சேலை இருந்தது. அரக்கு நிறம், மாம்பழ மஞ்சள் கரை. சின்ன வயதில் நான் அழுது அடம்பிடித்துக் கேட்ட நிறம். "எடுக்கறப்பப் போத்த முடியல. குழி மேலயாச்சும் போத்தீட்டுப் போலாம்னு" என்றார். பிறகு அதைத் திரும்ப மடித்துக் கொடுத்தார். "கோடின்னு எடுத்தாச்சு, இனி நம்மூட்டுக்குத் திரும்பக் கொண்டு போகக் கூடாது. நீயே வெச்சுக்க. இல்லீனா யாருக்காச்சும் குடுத்துப்போடு." யாருக்குக் கொடுப்பேன்? சாவுச்சேலை என்று என் வீட்டுக்காரர் பயந்தார், அவரை முறைத்த முறைப்பில் அடங்கிவிட்டார். அதற்குப் பிறகு நான் நடித்த எல்லாக் கல்யாணக் காட்சியிலும் அந்தச் சேலைதான். யாராவது என்றைக்காவது ஒரு படத்தில் மணவறைக்குப் பின்னால் அரக்குச் சேலையும் மஞ்சள் கரையும் பார்த்தால், அது நான்தான்.

கொஞ்ச நேரத்தில் என் வீட்டுக்காரர் ஞாயிற்றுக்கிழமை ஓவர்டைம் முடித்துத் தூக்குப் போசியோடு வந்தார். வாசலில் அப்பாவைப் பார்த்ததும் செருப்பை ஒன்று கழற்றி, ஒன்று கழற்றாமல் அப்படியே நின்றுவிட்டார். அப்பா எழுந்து நின்றார்.

"வாங்க மாப்ள" என்றார். எங்கள் வீட்டுக்குள் எங்கள் வீட்டுக்காரரையே அவர்தான் வரவேற்றார். பதினோரு வருஷத்தில் சொல்லாமல் விட்ட வார்த்தை, அவ்வளவு சாதாரணமாக வந்துவிட்டது.

சாப்பிட்டார். முருங்கைக்காயே இல்லாத ஒரு குழம்புதான் அன்றைக்கு என் வீட்டில் இருந்தது. சாப்பிட்டுக்கொண்டே என்னிடம் கேட்டார், "நெசமாலுமே செத்தவளாட்டப் படுத்திருந்தியா?"

"ஆமாங்கப்பா."

"எந்திரிச்சதும் ஒண்ணும் பண்ண மாட்டாங்களா? ஒரு பூசணிக்கா, ஒரு ஆரத்தி?"

அப்போதுதான் சிரிப்பு ஷாட்டைப் பற்றிச் சொன்னேன். ரோல் தீர்ந்துபோனதையும், அவர்கள் நாளைக்கு என்று சொல்லிவிட்டுப் போனதையும் சொன்னேன். கையில் உருட்டிய சோற்றை அப்படியே இலையில் வைத்துவிட்டார். போஸ்டரை விட இது அவரை அதிகம் உறுத்தியது போலிருந்தது. "அதெப்பிடி உடலாம்? பொண்ணு உசுராச்சே. அதெப்பிடி உடலாம்?" என்று இரண்டு தடவை கேட்டார்.

மூன்று மணிக்கு மேல் கிளம்பினார். நானும் கூடப் போனேன். பஸ் நிறுத்தத்துச் சுவரில் நான் கறுப்புக் கட்டத்துக்குள் இருந்தேன். மழையில் பேர் வெளுத்திருந்தது, முகம் மட்டும் அப்படியே இருந்தது. அப்பா துண்டைத் தொட்டித் தண்ணீரில் நனைத்துக்கொண்டு வந்து சுவரைத் தேய்த்தார், நகத்தால் சுரண்டினார். மைதாப் பசை, லேசில் வரவில்லை. நான் ஒரு மூலையைப் பிடித்து இழுத்தேன். இரண்டு பேருமாக என் சாவைச் சுவரிலிருந்து உரித்து எடுத்தோம். முகம் இருந்த பகுதியை மட்டும் அவர் பிய்க்காமல் மெதுவாக எடுத்து, ஈரத்தோடு மஞ்சப்பைக்குள் வைத்துக்கொண்டார்.

டவுன் பஸ் வந்தது. "போயிட்டு வாறேன் கண்ணு" என்றார். சாவு வீட்டுக்கு வந்தவர் அப்படிச் சொல்லிவிட்டுப் போக மாட்டார். படியில் ஒரு காலை வைத்தவர் என்ன நினைத்தாரோ, இறங்கிவிட்டார். கண்டக்டர் திட்டிக்கொண்டே விசில் கொடுத்தார், பஸ் போய்விட்டது.

எனக்கு நேரே ஆறேழு அடி தள்ளி, கேமரா நிற்கிற தூரத்தில் வந்து நின்றார். மேற்கு வெயில் என் முகத்தில் விழுந்தது. எங்கிருந்தோ பஞ்சு பறந்துகொண்டிருந்தது.

"அந்தச் சிரிப்பச் சிரிச்சுப்போடு. நான் பாத்துட்டுப் போறேன்."

நான் வாயைத் திறந்தேன். சிரிப்புக்குப் பதிலாக அழுகைதான் வந்தது. ஆயிரம் பேருக்கு முன்னால் சிரித்தவளுக்கு ஒரு ஆளுக்கு முன்னால் வரவில்லை. முந்தானையால் முகத்தைத் துடைத்தேன். மறுபடியும் பார்த்தேன், மறுபடியும் அழுதேன். பஸ்ஸுக்கு நின்றவர்கள் எல்லாம் வேடிக்கை பார்த்தார்கள். அப்பா துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு அசையாமல் நின்றார்.

"நேராப் பாரு கண்ணு," என்றார். "எனக்கெல்லாம் ரோலு தீராது. நீ நெதானமாச் சிரி."

நான் சிரித்து முடிப்பதற்குள் இன்னும் இரண்டு பஸ் போய்விட்டது.